கரிநெருப்பின் அருகே

சேலத்துச் சமவெளியில் மார்கழிப் பனி கொடியதன்று. ஆயினும் விடியற்காலையில் கைகள் நெருப்பைத் தேடும். பிறர் மரவள்ளி என்று கூறுவதை இங்குள்ளோர் குச்சிக்கிழங்கு என்பர். ஜவ்வரிசி ஆலைக்குச் செல்லும் கிழங்கை மாவுப் பாயிண்டு பார்த்து விலை பேசுவார்கள். வீட்டிற்கென ஒதுக்கிய கிழங்கிற்கோ விலை இல்லை. வந்தவர்க்கெல்லாம் அதில் பங்கு உண்டு.

சென்ற ஆண்டு கிறிஸ்து பிறப்பு விழாவிற்கு மறுநாள், இராசிபுரத்திற்கும் ஆத்தூருக்கும் இடைப்பட்ட ஒரு சிற்றூருக்கு உணவருந்த அழைக்கப்பட்டோம். உள்ளத்தில் ஒரு முள்ளோடுதான் சென்றோம்.

அதற்கு மூன்றாண்டுகளுக்கு முன், சிங்கப்பூரில் பணிபுரியும் அவ்வீட்டு மகன், சீனக் குடும்பத்துக் கத்தோலிக்கப் பெண் ஒருத்தியை மணக்க விரும்பினான். தாயார் கண்ணீரோடு நம்மிடம் வந்தார். "மூஞ்சி வேற, பேச்சு வேற, சோறு வேற. அவ ஆக்குறத நான் எப்படித் திங்கறது, சாமி?" என்றார். கிறிஸ்துவில் யூதரென்றும் கிரேக்கரென்றும் இல்லை எனப் பலமுறை மறையுரை ஆற்றிய நாம், அன்று அதைச் சொல்லவில்லை. "பெற்றவள் மனம் நோகாமல் முடிவு செய்" என்று மகனுக்கு அறிவுரை அனுப்பினோம். அதை விவேகம் என்று எண்ணிக்கொண்டோம். அப்பெண்ணை நாமும் பாயிண்டு பார்த்தோம் என்பதே உண்மை. திருமணம் அங்கேயே நடந்தது. தாயார் செல்லவில்லை.

இப்போது அந்த மருமகள் முதன்முறையாக இங்கே வந்து, முற்றத்துக் கரியடுப்பின் முன் குந்தியிருந்தாள். அத்தை கிழங்கின் தோலையும் நடுநாரையும் நீக்கி, நிறைய நீரில் வேகவைத்து, அந்நீரை முற்றிலும் வடித்துக் கொட்டினார். கிழங்கின் நச்சு நீரோடு போகட்டும் என்பது தலைமுறை வழி வந்த அறிவு. மருமகள் அத்துண்டுகளிலும் சர்க்கரைவள்ளி, பரங்கித் துண்டுகளிலும் நல்லெண்ணெய் தடவி, கம்பி வலைமேல் அடுக்கித் திருப்பித் திருப்பிச் சுட்டாள். ஓரங்கள் கருகிச் சிவந்தன. நசுக்கிய இஞ்சி, பூண்டு, வரமிளகாய், புளிக்கரைசல், பரமத்தி வேலூர்ப் பக்கத்து வெல்லம் ஆகியவற்றை வாணலியில் கொதிக்கவிட்டு, தான் கொண்டுவந்த சோயா சாஸில் ஒரு கரண்டி ஊற்றினாள். "அதுலயே உப்பு இருக்குதாம், நான் போடல" என்றார் தாயார். சுட்டவற்றை அதில் புரட்டி, வறுத்த எள்ளைத் தூவி இறக்கினார்கள்.

அந்த அடுப்பைப் பார்த்தபடி நாம் எண்ணிக்கொண்டிருந்தோம். குச்சிக்கிழங்கு தென் அமெரிக்காவிலிருந்து வந்தது. சர்க்கரைவள்ளி, பரங்கி, மிளகாய் ஆகியவற்றின் தாயகமும் அமெரிக்கக் கண்டமே. நம் மண்ணில் பழமையான எள்ளோ சீனத்து அடுக்களையில் உரிமையோடு குடியிருக்கிறது. அந்த வாணலியில் சோயா சாஸ் மட்டும் அந்நியம் என்று எப்படிச் சொல்வது? 1577-இல் பிறந்த தத்துவ போதகர் இராபர்ட் தெ நொபிலி, 1623-இல் சேந்தமங்கலத்திற்கும் சேலத்திற்கும் வந்தார். புலால் நீக்கி, இம்மண்ணின் துறவியரைப் போல் சோறும் காய்கறியும் உண்டு வாழ்ந்தவர் அவர். அவ்வாழ்க்கை முறையைப் பற்றி எழுந்த வழக்கில், அதே 1623-இல் திருத்தந்தை பதினைந்தாம் கிரகோரி அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தார். நம் நம்பிக்கையே இவ்வழியில் விருந்தாக வந்து வீட்டுப்பிள்ளை ஆனதுதான்.

"இது யார் சமையல்?" என்று கேட்டோம். தாயார் சற்றுத் தயங்கினார். "பாதி அவளோடது, பாதி என்னோடது, சாமி" என்றார். பிறகு முதல் துண்டை எடுத்து, நமக்கு வைக்காமல், மருமகளின் தட்டில் வைத்தார்.

குருத்துவக் கல்லூரியில் கிரேக்கம் பயின்ற நாளில் ஒரு சொல் நம்மைத் தொட்டது: 'அந்த்ராக்கியா', கரிநெருப்பு. புதிய ஏற்பாட்டில் அது இரண்டே இடங்களில், யோவான் நற்செய்தியில் மட்டும் வருகிறது. தலைமைக்குருவின் முற்றத்தில் பேதுரு குளிர்காய்ந்தபடி ஆண்டவரை மறுதலித்தது ஒரு கரிநெருப்பின் அருகே. உயிர்த்த ஆண்டவர் கடற்கரையில் மீன் சுட்டு வைத்துக் காத்திருந்தது இன்னொரு கரிநெருப்பின் அருகே. அங்கே அவர் முதலில் கணக்குக் கேட்கவில்லை; உண்ண வாருங்கள் என்று அழைத்தார். அன்பு உண்டா என்ற கேள்வி உணவுக்குப் பிறகுதான் வந்தது.

மகனை அருகே அழைத்து, "தம்பி, அன்று நாம் சொன்ன அறிவுரை தவறு. பொறுத்துக்கொள்" என்றோம். அவன் தலைகுனிந்து நின்றான், விடை சொல்லவில்லை. நாமும் வற்புறுத்தவில்லை. சொல்லிய ஒரு சொல்லைத் திரும்பப் பெற இறைவன் மூன்று ஆண்டுகள் பொறுத்திருந்தார். அவனும் வேண்டிய காலத்தை எடுத்துக்கொள்ளட்டும்.

அப்போது மருமகள் ஒரு தட்டை இரு கைகளாலும் ஏந்தி வந்து நம்முன் வைத்தாள். "சாமி, சாப்பிடுங்க" என்றாள். அந்த இரு சொற்களையும் அவள் அத்தையிடம்தான் கற்றிருக்க வேண்டும். சேலத்து வாடை அப்படியே இருந்தது.

உண்டோம். சற்றுக் கருகியிருந்தது, இனித்தது, உறைத்தது. அன்பர்களே, உங்கள் வீட்டு வாயிலில் யாரேனும் அழைப்பின்றி நின்றுகொண்டிருந்தால், அடுப்பில் கொஞ்சம் கரியைக் கூட்டுங்கள்.