தோப்பை எண்ணிய நாள்

துயரத்தில் இருப்பவரிடம் நாம் முதலில் சொல்வது பெரும்பாலும் "தைரியமா இருங்க" என்பதுதான். அன்பினால் சொல்கிறோம், அதில் சந்தேகமில்லை. ஆனால் 2018 நவம்பருக்குப் பிறகு அந்த வார்த்தையை நான் யாரிடமும் சொல்வதில்லை. பேராவூரணிப் பக்கம் என் சித்தப்பாவின் ஊரில் வருகிறவர் போகிறவர் எல்லாம் அதைச் சொன்னார்கள். ஒருவர் காதிலும் அது ஏறவில்லை. அந்த ஊருக்குத் தைரியம் வேறு வழியாக வந்தது.

கஜா புயல் நவம்பர் 16 விடியற்காலையில் நாகப்பட்டினத்துக்கும் வேதாரண்யத்துக்கும் நடுவே கரையைக் கடந்தது. மணிக்கு 100 கிலோமீட்டருக்கு மேல் காற்று. கடலோரத்தோடு அது நிற்கவில்லை. திருவாரூர், தஞ்சாவூர், புதுக்கோட்டை என்று உள்ளே புகுந்து அடித்துக்கொண்டு போனது. பட்டுக்கோட்டை, பேராவூரணி, ஒரத்தநாட்டுப் பக்கமெல்லாம் கல்லணைக் கால்வாய் பாய்கிற பூமி. 1934இல் மேட்டூர் அணையோடு சேர்ந்து வந்த பாசனம். கடைமடைக்குத் தண்ணீர் வந்து சேருமா என்பது வருஷா வருஷம் சந்தேகமானபோது, நெல்லை விட்டுத் தென்னைக்கு மாறியவர்கள் அங்கே நிறைய. ஏக்கருக்கு எழுபது மரம், இரண்டு மாதத்துக்கு ஒரு வெட்டு. பையனுக்குக் காலேஜ் ஃபீஸ், பெண்ணுக்குக் கல்யாணம், வீட்டுக்குத் தளம் எல்லாம் அந்த வெட்டுக் காசில் நடந்தவை. நெல் ஏமாற்றும், தென்னை ஏமாற்றாது என்பது அந்தப் பகுதியின் நம்பிக்கை.

தென்னைக்கு ஆணிவேர் கிடையாது. கொத்துக் கொத்தாகச் சல்லிவேர்தான். ஊறிய மண்ணில் சில மரங்கள் வேரோடு சாய்ந்தன. சில நடுவில் முறிந்தன. சில நின்றன, ஆனால் தலை திருகிப்போய் நின்றன. நான் திருச்சியிலிருந்து போய்ச் சேர்ந்தபோது தெருவே அடையாளம் தெரியவில்லை. நிழலே இல்லாத ஊரில் வெயில் நேராக முற்றத்தில் அடித்தது.

சித்தப்பா திண்ணையில் உட்கார்ந்திருந்தார். "வாப்பா" என்றதோடு சரி. தோப்புப் பக்கம் அவர் போகவே இல்லை என்று சித்தி சொன்னார். சித்திக்கு உட்கார நேரமில்லை. புயலடித்த அன்று காலையிலேயே மாடு மடி கனத்துக் கத்தியிருக்கிறது. கொட்டகைக் கூரை பறந்துபோன இடத்தில் நின்றபடியே கறந்திருக்கிறார். ரோட்டில் மரங்கள் கிடந்ததால் சொசைட்டிக்குப் பால் போகாது. காய்ச்சித் தெருப் பிள்ளைகளுக்குக் கொடுத்துவிட்டார். அவருக்கு மட்டும் துக்கம் குறைவா? தாலிச் சங்கிலி கூட்டுறவு வங்கியில் அடகில் இருந்தது. அதை மீட்க வேண்டிய வெட்டு தரையில் கிடந்தது. அழுகை வந்தபோது அழுதுகொண்டேதான் வைக்கோல் உதறிப்போட்டார். மாட்டுக்குத் தண்ணீர் காட்டுவதற்குத் தைரியம் தேவைப்படவில்லை. ஆனால் அதைச் செய்யச் செய்ய அவருக்குள் ஏதோ ஒன்று ஊன்றிக்கொண்டது. உள்ளே பலம் இருப்பவர்கள் எழுந்து வேலை செய்கிறார்கள் என்று பொதுவாகச் சொல்வார்கள். சித்தியிடம் நான் கண்டது நேர்மாறான வரிசை: கை முதலில் எழுந்தது, மனம் அதன் பின்னால் மெதுவாக வந்தது.

மின்கம்பங்கள் லட்சத்துக்கு மேல் சாய்ந்துவிட்டதால் வாரக்கணக்கில் இருட்டு. டேங்கில் தண்ணீர் ஏற்ற வாடகை ஜெனரேட்டருக்கு வீட்டுக்கு இவ்வளவு என்று காசு போட்டார்கள். கேரளத்திலிருந்தும் மற்ற மாவட்டங்களிலிருந்தும் மின்வாரிய ஊழியர்கள் வந்து வயல் சேற்றில் இறங்கி, கம்பத்தைத் தோளில் தூக்கிக்கொண்டு போனார்கள். அவர்களுக்கு எங்கள் தெருவே சேர்ந்து சமைத்தது. எல்லாம் போய்விட்டது என்று அன்று காலைவரை புலம்பிய பெண்கள், வந்தவருக்குச் சோறு பத்துமா என்று கவலைப்பட்டார்கள். கொடுப்பதற்குத் தன்னிடம் இன்னும் ஏதோ இருக்கிறது என்று தெரிவது மனிதருக்கு எவ்வளவு பெரிய மருந்து என்பதை அந்த அடுப்படியில் பார்த்தேன்.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். தோப்பு விழுந்ததைத் தாங்காமல் உயிரை மாய்த்துக்கொண்டவர்களும் அந்தப் பகுதியில் உண்டு; பத்திரிகைகளில் வந்தது. அவர்களுக்கு மன உறுதி இல்லை என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வரும். இருபது முப்பது வருஷ உழைப்பு ஓர் இரவில் படுத்துவிட்டால் எந்த மனமும் உடையலாம். அந்த நேரத்தில் பக்கத்தில் யார் இருந்தார்கள், கையில் என்ன வேலை இருந்தது, வாசலில் கடன்காரர் நின்றாரா என்பதெல்லாம் சேர்ந்துதான் ஒருவரை நிறுத்துகிறது அல்லது சாய்க்கிறது. துணிச்சலை முழுக்க முழுக்கத் தனி மனிதரின் கணக்கில் எழுதுவது அநியாயம்.

சித்தப்பாவைத் திண்ணையிலிருந்து எழுப்பியது யாருடைய ஆறுதலும் அல்ல, கணக்கெடுப்பு. விழுந்த மரத்துக்கு 600 ரூபாய், அதை வெட்டி அப்புறப்படுத்த 500 ரூபாய் என்று அரசு நிவாரணம் அறிவித்திருந்தது. எண்ண வந்தவர்களோடு தோப்புக்காரர் கூட நடந்தாக வேண்டும். வேறு வழியில்லாமல் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு கிளம்பினார். நானும் போனேன். ஒவ்வொரு மரத்தருகிலும் நின்றார். முதல் வரிசை முடியும்வரை பேச்சே இல்லை. அப்புறம் தானாகவே சொல்ல ஆரம்பித்தார்: இது அப்பா வைத்தது, இது கிணறு வெட்டிய வருஷம் வைத்தது, இது காய்க்கவே காய்க்காது என்று வெட்டப்போய் மறு வருஷமே குலை தள்ளியது. எண்ண வந்த அதிகாரியும் பொறுமையாகக் கேட்டுக்கொண்டே எழுதினார். அந்தப் பொறுமைக்கு நான் என்றைக்கும் கடன்பட்டவன். எண்ணி முடிக்க மத்தியானம் ஆகிவிட்டது. முக்கால்வாசி போயிருந்தது. அதுவரை "எல்லாம் போச்சு" என்று மட்டும் சொன்னவர், அன்று சாப்பிடும்போது நிற்கிற மரம் எத்தனை என்று முதல் தடவையாகச் சொன்னார். துக்கம் குறைந்துவிடவில்லை. ஆனால் அதற்கு ஓர் எல்லை தெரிந்தது.

அதற்கப்புறம் நடந்ததெல்லாம் நீண்ட, அலுப்பான வேலை. மரம் அறுக்கும் மெஷினுக்குக் காத்திருப்பு. செங்கல் சூளைக்காரர் கேட்ட அடிமாட்டு விலை. வேர்க்கட்டையைப் பெயர்க்க ஜேசிபிக்கு மணி வாடகை. அழுகிக் கிடக்கும் மரங்களில் காண்டாமிருக வண்டு பெருகும் என்று வேளாண்மைத் துறையினர் எச்சரித்திருந்தார்கள். தலை திருகி நின்ற மரங்கள் சில, பிழைக்கும் என்று நம்பவைத்து மாதக்கணக்கு கழித்துப் பட்டுப்போயின. இரண்டாவது இழப்பு முதலாவதைவிடக் கொடியது. அதைப் பார்க்க ஊருக்கு யாரும் வருவதில்லை. அந்த வருஷம் சித்திதான் யோசனை சொன்னார்: நிழல் போன இடத்தில் வெயில் விழுகிறதே, நிலக்கடலை போடலாமே. போட்டார்கள். உளுந்தும் போட்டார்கள். பெரிய லாபமில்லை, வட்டி கட்ட ஆனது.

2019 மழைக்கு முன்னால் மூன்றடிக் குழிகள் எடுத்தார்கள். வேப்பங்குளம் தென்னை ஆராய்ச்சி நிலையத்தில் விசாரித்து வந்த பிறகு, புயலில் அசையாமல் நின்ற தன் மரங்களிலேயே நெற்று எடுத்துப் பதியம் போட்டார் சித்தப்பா. நெட்டை மரம் காய்க்க ஆறேழு வருஷம் ஆகும். அறுபதைத் தாண்டிய மனிதர் அந்தக் கணக்கைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. குழி ஆழம் சரியா, மணல் கலந்தாச்சா, கரையான் வருமா என்பதுதான் பேச்சு.

முன்பெல்லாம் யாரிடமும் ஒரு கைமாற்றுகூடக் கேட்காத மனிதர் அவர். கேட்பதைக் குறைவாக நினைப்பார். புயலுக்குப் பிறகு கேட்கப் பழகினார். பக்கத்துத் தோப்புக்காரர் இவர் குழிக்கு ஆள் அனுப்புவார், இவர் அவருக்கு எருவண்டி அனுப்புவார். அவரிடம் வந்த மாற்றங்களில் எனக்கு மிகப் பெரிதாகப் படுவது இதுதான்.

இப்போது அந்தப் பகுதித் தோப்புகளில் சுருள் வெள்ளை ஈ. ஓலையின் அடியில் அடை அடையாகப் படிந்து சாறு உறிஞ்சுகிறது. கீழ் ஓலைகள் கரி பூசியதுபோல் கறுத்துப்போகின்றன. பாளை விட ஆரம்பித்த இளமரங்களையும் அது விடவில்லை. போன வாரம் சித்தப்பா போன் செய்திருந்தார். நான் வருத்தப்பட ஆரம்பித்ததும் நடுவிலேயே நிறுத்திவிட்டார். "அது கிடக்கட்டும் தம்பி. ஓலை அடியில தண்ணி பீய்ச்சி அடிக்கச் சொல்றாங்க. மோட்டார் நம்ம பக்கத்துத் தோப்புல இருக்கு, ஓஸ் பிடிக்கத்தான் ஆள் இல்ல. ஞாயித்துக்கிழமை வந்துட்டுப் போயேன்."