ஒரு சொல்லில் கைமாறிய நாடு

1836-ம் ஆண்டு வாக்கில் ஒரு நாள். நியூசிலாந்தின் வடக்கே வாங்காரே பகுதியில், மாவோரிப் பெண்கள் சிலர் உருளைக்கிழங்கு வேகவைத்துக்கொண்டிருந்தார்கள். அந்தப் பக்கம் வந்த இளம் வெள்ளைக்காரர் ஒருவர் அடுப்பையே பார்த்தபடி நின்றுவிட்டார். கிழங்கு வெந்துகொண்டிருந்தது பானையில் அல்ல, ஓர் உடைந்த வெண்கல மணியில்! அதைச் சுற்றி ஏதோ எழுத்துகள் வேறு.

எப்போதோ அடித்த புயலில் பெரிய மரம் ஒன்று சாய்ந்ததாம். அதன் வேர்களுக்கு நடுவே இது கிடந்ததாம். அந்த இளைஞர் ஓர் இரும்புச் சட்டியைக் கொடுத்துவிட்டு மணியை வாங்கிக்கொண்டார். அதில் இருந்த எழுத்தில் ஒன்றுகூட அவருக்குப் புரியவில்லை. ஆனால், யாரோ எதற்காகவோ எழுதியது, அதை அடுப்பில் கருகவிடக் கூடாது என்று மட்டும் தோன்றியிருக்கிறது.

அது தமிழ் எழுத்து. முகையதீன் பக்ஸ் என்பவருடைய கப்பலின் மணி என்று அதில் பொறிக்கப்பட்டிருந்தது.

வாங்கியவர் பெயர் வில்லியம் கொலென்ஸோ. இங்கிலாந்தின் கார்ன்வால் பகுதிக்காரர். தொழில், அச்சுக்கோப்பது. 1834 டிசம்பர் கடைசியில் ஓர் அச்சு இயந்திரத்தோடு நியூசிலாந்தின் பைஹியாவில் வந்து இறங்கினார். இயந்திரம் வந்தது, அச்சடிக்கக் காகிதம் வரவில்லை. அங்கே இங்கே கேட்டு வாங்கி, மாவோரி மொழியில் பைபிளின் பகுதிகளை அச்சிடத் தொடங்கினார். 1837-க்குள் புதிய ஏற்பாடு முழுவதும் அச்சாகிவிட்டது. மாவோரிகள் ஆர்வமாக வாங்கிப் படித்தார்கள். சொந்த மொழியை எழுத்தில் பார்க்கிற சந்தோஷம் அது.

படிக்கத் தெரியாத எழுத்தைக் காப்பாற்றிய அதே மனிதரை, நன்றாகப் படிக்கத் தெரிந்த ஓர் எழுத்து நான்கே ஆண்டுகளில் தர்மசங்கடத்தில் நிறுத்தியது.

கொடி, கல், காகிதம்

கடல் கடந்த நிலத்தைத் தங்களுடையது என்று சொல்ல ஐரோப்பிய அரசுகள் பல வழிகளை வைத்திருந்தன. போர்த்துக்கீசியர்கள் ஆப்பிரிக்கக் கரையோரம் சிலுவை பொறித்த கல்தூண்களை நட்டுக்கொண்டே போனார்கள். ஸ்பெயின் 1513-ல் ஓர் அறிக்கையைத் தயாரித்தது. 'எங்கள் அரசருக்கு அடங்குங்கள், இல்லாவிட்டால் போர்' என்பது அதன் சாரம். அமெரிக்கக் கண்டத்தில், ஸ்பானிய மொழியே தெரியாத மக்களின் முன்னால் அதைப் படித்துவிட்டு வாளை உருவினார்கள். நியூசிலாந்திலும் கேப்டன் ஜேம்ஸ் குக் 1769-ல் கொடியேற்றி, பிரிட்டிஷ் மன்னரின் பெயரால் உரிமை கொண்டாடியிருந்தார்.

ஆனால், 1840-ல் கொடி மட்டும் போதவில்லை. வடபகுதி மாவோரித் தலைவர்கள் 1835-லேயே தங்களைச் சுதந்திர நாடு என்று அறிவித்திருந்தார்கள். பிரிட்டனும் அதை ஏற்றிருந்தது. இன்னொரு பக்கம், நியூசிலாந்து கம்பெனி என்ற தனியார் நிறுவனம் லண்டனிலிருந்து ஆள் அனுப்பி நிலத்தை வளைக்கத் தொடங்கியிருந்தது. பிரான்ஸ் நுழைந்துவிடுமோ என்ற பயமும் இருந்தது. அப்போது அந்த நாட்டில் வெள்ளைக்காரர்கள் சுமார் 2,000 பேர்தான். மாவோரிகளோ பல பத்தாயிரம் பேர், பலரிடம் துப்பாக்கியும் இருந்தது. அடித்துப் பிடுங்க முடியாது, கேட்டுத்தான் வாங்க வேண்டும்.

அப்படிக் கேட்டு வாங்க வந்தவர் கடற்படை அதிகாரி வில்லியம் ஹாப்சன்.

ஓர் இரவில் மொழிபெயர்ப்பு

1840 பிப்ரவரி 4. மாலை 4 மணிக்கு ஆங்கில ஒப்பந்தத்தை ஹாப்சன் மூத்த மிஷனரி ஹென்றி வில்லியம்ஸின் கையில் கொடுத்தார். மறுநாள் காலை 10 மணிக்கு மாவோரியில் வேண்டும் என்றார். வில்லியம்ஸும் அவர் மகன் எட்வர்டும் அந்த ஓர் இரவில் மொழிபெயர்த்து முடித்தார்கள். ஒரு நாட்டின் தலையெழுத்து அந்த இரவில்தான் எழுதப்பட்டது.

ஆங்கிலப் பிரதியின் முதல் பிரிவு, தலைவர்கள் தங்கள் இறையாண்மை முழுவதையும் பிரிட்டிஷ் அரசிக்கு விட்டுக்கொடுப்பதாகச் சொன்னது. வில்லியம்ஸ் அதற்குப் போட்ட மாவோரிச் சொல் 'காவனதாங்கா'. 'கவர்னர்' என்ற ஆங்கிலச் சொல்லை மாவோரி நாக்குக்கு ஏற்றபடி 'காவன' என்று ஆக்கி, அதிலிருந்து உண்டாக்கிய புதுச் சொல். மாவோரிகள் அந்தக் 'காவன'வை ஏற்கெனவே பைபிளில் படித்திருந்தார்கள். ஏசுவை விசாரித்த பிலாத்து ஒரு 'காவன'. ஆட்சி நடத்தும் ஓர் அதிகாரி, அவ்வளவுதான். ஒரு தலைவரின் பரம்பரை அதிகாரத்துக்கும் மேன்மைக்கும் மாவோரியில் 'மனா' என்ற சொல் உண்டு. 1835 அறிவிப்பில்கூட அது இருந்தது. ஒப்பந்தத்தில் அது வரவே இல்லை.

இரண்டாவது பிரிவு இன்னும் விசேஷம். ஆங்கிலத்தில் நிலம், காடு, மீன்வளம் ஆகியவற்றின் உடைமை மட்டும் மாவோரிகளுக்கு உறுதி செய்யப்பட்டது. மாவோரியிலோ நிலம், ஊர்கள், அவர்கள் பொக்கிஷமாக நினைக்கும் அத்தனையின் மீதும் 'தினோ ரங்கதிரதாங்கா', அதாவது முழுமையான தலைமை, அவர்களிடமே இருக்கும் என்று இருந்தது.

சுருக்கமாகச் சொன்னால், ஆங்கிலப் பிரதியில் வீடு கைமாறிவிட்டது. மாவோரிப் பிரதியில் வீடு அவர்களுடையதே, வாசலில் ஒரு மேற்பார்வையாளர் வந்து உட்காருகிறார். அடங்காத வெள்ளைக்காரர்களை அடக்க ஒருவர் வரட்டுமே என்று பல தலைவர்கள் நினைத்ததில் என்ன ஆச்சர்யம்?

அச்சுக்காரர் கேட்ட கேள்வி

பிப்ரவரி 5. வைதாங்கியில், கப்பல் பாய்களால் போட்ட பெரிய பந்தலுக்குள் ஹாப்சன் ஆங்கிலத்தில் படித்தார், வில்லியம்ஸ் மாவோரியில் படித்தார். தலைவர்கள் பலர் காரசாரமாக எதிர்த்தார்கள். சிலர் ஆதரித்தார்கள். கூட்டம் 7-ம் தேதிக்குத் தள்ளிவைக்கப்பட்டது.

ஆனால், தலைவர்கள் மறுநாளே திரண்டுவிட்டார்கள். அவசரமாக அழைக்கப்பட்ட ஹாப்சன், சாதாரண உடையில், கடற்படைத் தொப்பியை மட்டும் வைத்துக்கொண்டு கரைக்கு வந்தார். கையெழுத்திட முதலில் அழைக்கப்பட்டவர் ஹோனே ஹெகே என்ற தலைவர். அவர் மேசையருகே வந்த அந்த நேரத்தில், 28 வயது அச்சுக்காரர் கொலென்ஸோ குறுக்கிட்டார்.

இந்த ஒப்பந்தத்தில் இருப்பது இவர்களுக்குப் புரிந்திருக்கிறது என்று நினைக்கிறீர்களா? இதுதான் அவர் ஹாப்சனிடம் கேட்டது.

நம் வீடுகளில் பத்திரம் பதியப் போகும் பிள்ளையிடம் பெரியவர்கள் கேட்கும் அதே கேள்வி: "என்ன எழுதியிருக்குன்னு படிச்சுப் பாத்தியா?"

புரியவைக்க என்னால் ஆனதைச் செய்தேன், புரியவில்லை என்றால் அது என் குற்றம் அல்ல என்ற ரீதியில் ஹாப்சன் பதில் சொன்னார். கொலென்ஸோ விடவில்லை. தான் பேசிப் பார்த்த தலைவர்கள் சிலருக்கு இதைப் பற்றி எதுவுமே தெரியவில்லை என்றார். இவர்கள் மிஷனரிகளை நம்பித்தான் வருகிறார்கள் என்று பதில் வந்தது. அதனால்தான் சொல்கிறேன், நம்மை நம்பி வருகிறவர்களுக்கு நாம்தான் தெளிவாக விளக்க வேண்டும், நாளைக்கு விபரீதம் என்றால் நம்மைத்தான் கேட்பார்கள் என்றார் அவர்.

பலன் இல்லை. தன் கடமையைச் செய்துவிட்டதாகச் சொல்லி கொலென்ஸோ ஒதுங்கிக்கொண்டார். ஹெகே கையெழுத்திட்டார். அன்று மட்டும் 40-க்கும் மேற்பட்ட தலைவர்கள். சிலர் தங்கள் முகத்தில் பச்சை குத்தியிருந்த கோலத்தின் ஒரு பகுதியையே கையெழுத்தாக வரைந்தார்கள். ஒவ்வொருவர் கையையும் குலுக்கி, இனி நாம் ஒரே மக்கள் என்று ஹாப்சன் மாவோரியில் சொன்னார். ஆளுக்கு இரண்டு கம்பளியும் கொஞ்சம் புகையிலையும் கொடுக்கப்பட்டன.

பிப்ரவரி 17-ம் தேதி அந்த ஒப்பந்தத்தின் மாவோரிப் பிரதி 200 படிகள் அச்சாயின. அச்சிட்டவர், அதே கொலென்ஸோ.

ஆண்டது எந்தப் பிரதி?

அடுத்த சில மாதங்களில் ஒப்பந்தத்தின் படிகள் ஊர் ஊராகக் கொண்டுபோகப்பட்டன. மொத்தம் 500-க்கும் மேற்பட்ட தலைவர்கள் கையெழுத்திட்டார்கள். அவர்களில் குறைந்தது 13 பேர் பெண்கள். ஆங்கிலப் பிரதியில் கையெழுத்திட்டவர்கள் 39 பேர் மட்டுமே. மற்ற எல்லாரும் மாவோரிப் பிரதியில்தான் கையெழுத்திட்டார்கள். வைகாத்தோவின் பெருந்தலைவர் தே வெரோவெரோ போன்றவர்கள் கடைசிவரை கையெழுத்திடவே இல்லை.

எல்லாக் கையெழுத்தும் வந்து சேரும்வரை ஹாப்சன் காத்திருக்கவில்லை. மே 21-ம் தேதியே நாடு முழுவதும் பிரிட்டனுடையது என்று அறிவித்துவிட்டார். வடக்குத் தீவு, தலைவர்கள் விட்டுக்கொடுத்ததால். தெற்குத் தீவு, குக் கண்டுபிடித்ததால். ஒரே நாளில், ஒரே நாட்டுக்கு இரண்டு விதமான மூலப்பத்திரம்!

அதன்பிறகு ஆட்சி ஆங்கிலப் பிரதியின்படி நடந்தது. நிலத்தை விற்பதானால் அரசுக்கு மட்டுமே விற்க வேண்டும் என்ற பிரிவு அவர்களுக்கு நன்றாகக் கைகொடுத்தது. இன்றைய ஆக்லாந்து நகரம் அமைந்த இடத்தில் சுமார் 3,000 ஏக்கரை, பணமும் பொருளுமாக 341 பவுண்டு மதிப்புக்கு அரசு வாங்கியது. சில மாதங்களிலேயே அதில் வெறும் 44 ஏக்கரை 24,275 பவுண்டுக்கு ஏலம் விட்டது.

முதலில் கையெழுத்திட்ட ஹெகேதான் முதலில் விழித்துக்கொண்டவர்களில் ஒருவர். குன்றின் மேல் பிரிட்டிஷ் கொடி பறந்த கம்பம், ஒருகாலத்தில் அவரே கொடுத்தது. 1844 ஜூலையிலிருந்து 1845 மார்ச்சுக்குள் அந்தக் கம்பம் நான்கு முறை வெட்டிச் சாய்க்கப்பட்டது. போர் மூண்டது. 1860-களில் பெரிய போர்கள் நடந்தன. எதிர்த்தவர்களின் நிலத்தைப் பறிக்க 1863-ல் ஒரு சட்டமே வந்தது. 30 லட்சம் ஏக்கருக்கும் மேல் பறிபோனது. 1877-ல் தலைமை நீதிபதி, அந்த ஒப்பந்தம் சட்டப்படி செல்லாக்காசு என்று தீர்ப்பில் எழுதினார். நாட்டை வாங்கும்போது செல்லுபடியான காகிதம், கொடுத்த வாக்கைக் கேட்டபோது செல்லாமல் போனது.

எலி கடித்த வாக்கு

கொலென்ஸோ புரட்சிக்காரர் அல்ல. பின்னாளில் அதே குடியேற்ற அரசின் நாடாளுமன்றத்தில் உறுப்பினராகவும் உட்கார்ந்தார். ஆனால், வைதாங்கியில் நடந்ததை அவர் அன்றே குறித்து வைத்திருந்தார். 50 ஆண்டுகள் கழித்து, 1890-ல், எண்பதை நெருங்கும் வயதில் அதைப் புத்தகமாகக் கொண்டுவந்தார். தன் கேள்வியையும் ஹாப்சனின் பதிலையும் அதில் பதிவு செய்தார். அன்று என்ன பேசப்பட்டது என்று இன்று தெரிவதற்கு அந்தக் குறிப்புகள்தான் முக்கியமான ஆதாரம்.

ஒப்பந்தத்தின் மூலப்படிகளோ ஓர் அரசுக் கட்டடத்தின் நிலவறையில் கிடந்தன. 1908-ல் ஒருவர் தேடி எடுத்தபோது, தண்ணீர் பட்டும் எலி கடித்தும் சிதைந்திருந்தன.

மாவோரிகள் மறக்கவில்லை. தலைமுறை தலைமுறையாக மனு கொடுத்தார்கள், லண்டன் வரை போனார்கள், ஊர்வலம் நடந்தார்கள். 1975-ல் வைதாங்கித் தீர்ப்பாயம் அமைந்தது. 1840 முதல் நடந்த அநீதிகளை விசாரிக்க 1985-ல் அதற்கு அதிகாரம் கிடைத்தது. 1995-ல் எலிசபெத் மகாராணி, வைகாத்தோ மக்களிடம் மன்னிப்புக் கோரும் வாசகம் கொண்ட சட்டத்தில் தன் கையாலேயே கையெழுத்திட்டார். 17 கோடி நியூசிலாந்து டாலர் மதிப்புள்ள இழப்பீட்டோடு வந்த சட்டம் அது. பறிபோனதில் அது சிறு பங்குதான்.

2014-ல் தீர்ப்பாயம் தன் அறிக்கையில் சொன்னது: 1840 பிப்ரவரியில் கையெழுத்திட்ட தலைவர்கள் தங்கள் இறையாண்மையை விட்டுக்கொடுக்கவில்லை. கொலென்ஸோ கேட்ட கேள்விக்குப் பதில் வர 174 ஆண்டுகள் ஆகியிருந்தன.

எலி கடித்த அந்தப் படிகள் இன்று வெலிங்டன் நகரில், தேசிய நூலகத்தில் பாதுகாப்பாக இருக்கின்றன. அதே நகரின் தே பாப்பா அருங்காட்சியகத்தில் இருக்கிறது கொலென்ஸோ விட்டுச்சென்ற தமிழ் மணி. கப்பலும் இல்லை, முதலாளியும் இல்லை. ஆனாலும் மணி யாருடையது என்பதில் சந்தேகமே கிடையாது. எழுதியிருக்கிறது.

மாவோரித் தலைவர்களின் காகிதத்திலும் நிலம் யாருடையது என்று தெளிவாகத்தான் எழுதியிருந்தது. அவர்கள் படிக்காமல் ஏமாறவில்லை, கேட்டுப் புரிந்துகொண்டுதான் கையெழுத்திட்டார்கள். எதிரில் இருந்தவர் கையில் வைத்திருந்தது வேறு காகிதம்.

"படிச்சுப் பாத்தியா?" என்று கேட்கும் பெரியவர்கள் இனி இன்னொன்றையும் சேர்த்துக் கேட்கலாம். "அவங்க கையில இருக்கிறதும் இதேதானா?"