பழைய குன்னூர்ப் பாதை

மேட்டுப்பாளையத்திலிருந்து உதகமண்டலம் செல்வோர், கல்லாற்றுப் பாலத்தைக் கடந்ததும் கமுகந்தோப்புகளின் குளிர்ச்சியை உணர்வர். அதன் பின் சாலை கொண்டை ஊசி வளைவுகளிற் சுழன்று சுழன்று மேலேறும். பர்லியாறு வரும், பள்ளத்தாக்கு ஆழ்ந்துகொண்டே போகும், குன்னூர் வருவதற்குள் காற்றே மாறிவிடும். இச்சாலை 1871ஆம் ஆண்டில் முடிவுற்றது. ஆயினும், இதுவே இம்மலைக்கு முதற்சாலை அன்று. இதற்கு முன் நாற்பது ஆண்டுக் காலம் மற்றொரு சாலை இதே மலைச்சரிவில் வழங்கியது. அதற்கும் முன் வேறொன்று கோத்தகிரிப் பக்கத்தில் ஏறியது. அவ்விரண்டையும் இன்று எண்ணிப் பார்ப்பவர் சிலரே.

ஆங்கிலேயர்தாம் நீலகிரிக்கு வழி கண்டனர் என்று சொல்வதுண்டு. அஃது அரை உண்மை. தோடரும் கோத்தரும் படகரும் குறும்பரும் இருளரும் அங்கே வாழ்ந்தனர் என்றால், ஏறவும் இறங்கவும் வழி இல்லாமலா வாழ்ந்தனர்? உப்பு மலையில் விளைவதில்லை. சமவெளியிலிருந்தே அது வந்தாக வேண்டும். 1603ஆம் ஆண்டிலேயே பெனிசியோ என்னும் ஏசு சபைத் துறவி கேரள நாட்டிலிருந்து இம்மலைக்கு வந்து தோடரைக் கண்டு எழுதியிருக்கின்றார். அவருக்கும் யாரோ ஒருவர் வழி காட்டியிருத்தல் வேண்டும். ஆனால் அவ்வழிகள் ஓரடி வைக்க இடமிருந்தாற் போதும் என்னும் ஒற்றையடித் தடங்கள். குதிரைக்கும் மூட்டைக்கும் உரிய பாதை வேண்டும் என்னும் எண்ணம் பின்னர்த்தான் எழுந்தது.

அவ்வெண்ணத்தைச் செயலாக்கியவர், கோயம்புத்தூரில் கலெக்டராக இருந்த ஜான் சல்லிவன். 1819இல் மலையேறிய அவர், அதன் தட்பவெப்பத்தில் மனத்தைப் பறிகொடுத்தார். அவர் முயற்சியால், மக்பெர்சன் என்னும் படை அதிகாரி 1821இல் பாதை வெட்டத் தொடங்கி 1823இல் முடித்தார். சிறுமுகையருகே பவானி ஆற்றைக் கடந்து, கோத்தகிரியை அடுத்த திம்பட்டிக்கு அப்பாதை ஏறிற்று. ஆனால் ஊர் வளர்ந்ததோ உதகமண்டலத்தில்! சல்லிவனே அங்குக் கல்லால் வீடு கட்டிக்கொண்டார். பாதை ஒரு பக்கமும் ஊர் ஒரு பக்கமுமாக இருந்தால் என் செய்வது? லஷிங்டன் சென்னை ஆளுநராக இருந்த காலத்தில், 1830ஐ ஒட்டி, குன்னூர்ப் பள்ளத்தாக்கின் வழியே நேராக ஏறும் புதிய பாதையைப் பயனீர்ப் படையினர் அமைத்தனர். இதுவே நான் கூறவந்த பழைய குன்னூர்ப் பாதை. சிறுமுகைப் பாதையின் பெருமை அத்துடன் குன்றியது.

இப்பாதைக்கு ஒரு குறை உண்டு. அது மிகச் செங்குத்தானது. மலையடியிலிருந்து குன்னூருக்கு ஏறக்குறைய ஐயாயிரம் அடி உயர வேண்டும். அந்த உயரத்தை நீண்ட தொலைவிற் பரப்பி ஏறினால் மாட்டுக்கு எளிது. குறுகிய தொலைவில் அடக்கினால் மூச்சு முட்டும். பழைய பாதையை வகுத்தோர் குறுகிய வழியையே கொண்டனர். பாரவண்டி ஏறுவது பெரும்பாடாயிற்று. பொருள்கள் பொதிமாட்டின் முதுகிலும் ஆளின் தலையிலும் ஏறின. செல்வரோ மட்டக்குதிரையிலும் டோலியிலும் ஏறினர். மைசூர் வழியாக வந்தவர்க்கும் இதே நிலைதான். 1834இல் மெக்காலே சென்னையிலிருந்து உதகமண்டலம் வரை நானூறு மைலையும் மனிதர் தோளின்மேலேயே கடந்தார் என்பர். அவர் கடந்தார் என்பதைவிட, சுமந்தவர்கள் கடந்தனர் என்பதே பொருந்தும்.

சில ஆண்டுகளுக்கு முன், வழி தெரிந்த ஓர் இருளர் பெரியவருடன் அப்பாதையில் சிறிது தூரம் நடந்தேன். தனியே செல்லத்தக்க இடம் அன்று அது. யானை நடமாடும் காடு. உண்ணிச்செடி இருபுறமும் மண்டியிருந்தது. அதை விலக்கிய இடத்தில், பதித்த கற்கள் தேய்ந்து மழமழவென்று கிடந்தன. “இது லாடம் தேய்ச்ச கல்லுங்க சாமி,” என்றார் பெரியவர். லாடமோ வெறுங்காலோ, யார் அறிவார்? கால் மணி நேரம் ஏறுவதற்குள் என் முழங்கால் நடுங்கிற்று. கையில் ஒரு குடையன்றி வேறு சுமை எனக்கு இல்லை.

காப்பியும் தேயிலையும் சிங்கோனாவும் மலையில் பெருகியபோது, தலைச்சுமையால் ஆகாது என்பது தெளிவாயிற்று. ஆகவே வளைந்து வளைந்து மெல்ல ஏறும் இன்றைய சாலை எழுந்தது. 1873இல் மேட்டுப்பாளையத்திற்குப் புகைவண்டி வந்தது. அங்கிறங்கியவர் குதிரை பூட்டிய டோங்கா வண்டியில் மலையேறினர். 1899இல் குன்னூருக்கும், 1908இல் உதகமண்டலத்திற்கும் மலை இரயிலே சென்றது. பன்னிரண்டரை அடிக்கு ஓரடி உயரும் அவ்வேற்றத்தைச் சக்கரம் மட்டும் வெல்லாது. தண்டவாளங்களின் நடுவே பல் வைத்த இரும்புப் பட்டையைப் பற்றிக்கொண்டே எஞ்சின் ஏறுகின்றது. பழைய பாதையிலோ மனிதர் பற்றிக்கொள்ள யாதும் இல்லை, கைத்தடிதான்.

புதிய சாலையை அமைத்த லா என்னும் அதிகாரியின் பெயர், குன்னூருக்குக் கீழேயுள்ள லாஸ் அருவியில் நிலைத்துவிட்டது. அவர் அதற்கு உரியவரே. ஆனால், பாறை பிளந்தவர்க்கும், அடிவாரத்துக் காய்ச்சலில் மடிந்தவர்க்கும், ஐயாயிரம் அடி மூட்டை சுமந்தவர்க்கும் ஓர் ஓடையேனும் பெயர் தாங்கவில்லை. அவர் அடிச்சுவடு பட்ட கற்களும் செடிக்குள் மறைந்து கிடக்கின்றன.

1871ஆம் ஆண்டின் சாலையும் அழியா வரம் பெற்றதன்று. 2009 நவம்பரில் பெய்த பெருமழையில் நீலகிரியில் நூற்றுக்கணக்கான இடங்களில் நிலம் சரிந்தது. நாற்பதுக்கு மேற்பட்டோர் உயிரிழந்தனர். குன்னூர் வழி அடைபட்டது. அதன் பின்னரும் மழைக்காலங்களில் மண் சரிவதுண்டு. அவ்வேளைகளில் காவலர், மேட்டுப்பாளையத்திலேயே வண்டிகளை நிறுத்திக் கோத்தகிரிச் சாலைக்குத் திருப்பிவிடுவர். தடம் வேறாயினும், 1823இல் முதற்பாதை ஏறியதும் அந்தக் கோத்தகிரிப் பக்கமேதான்.