பனியனோடு ஒரு பாரிஸ் பயணம்

பாரிஸ் போயிருக்கிறீர்களா? நான் போயிருக்கிறேன். ஒரு தடவை இல்லை ஸார், ஒரு இருநூறு தடவையாவது இருக்கும். விசா வாங்கவில்லை, ஸ்வெட்டர் வாங்கவில்லை. பாஸ்போர்ட் என்கிற வஸ்துவை இதுவரை கையால் தொட்டதுகூட இல்லை. உறையூரில் எங்கள் வீட்டு ஹாலிலிருந்து, பனியன் - லுங்கி சகிதம், பக்கத்தில் ஒரு தட்டு முறுக்கோடு போய்விட்டு வந்தேன்.

'சரியான ரீல்' என்று நினைக்காதீர்கள். ஆதாரம் வைத்திருந்தேன். மொத்தம் 1,126 படங்கள். ('வைத்திருந்தேன்' என்று இறந்த காலத்தில் சொன்னதைக் கவனித்திருப்பீர்கள். அந்தச் சோகக் கதைக்கு அப்புறம் வருகிறேன்.)

விஷயம் இதுதான். 2014 நவம்பரில் 'அஸாஸின்ஸ் க்ரீட் யூனிட்டி' என்று ஒரு கம்ப்யூட்டர் கேம் வந்தது. யூபிஸாஃப்ட் கம்பெனியின் தயாரிப்பு. கதை நடக்கும் இடம், பிரெஞ்சுப் புரட்சிக் காலத்து பாரிஸ். கதாநாயகன் பெயர் ஆர்னோ. பாவம், அவனுக்கு ஏகப்பட்ட வேலை கொடுத்திருக்கிறார்கள். ஒளிய வேண்டும், கூரைக்குக் கூரை தாவ வேண்டும், வில்லன்களைத் தீர்த்துக் கட்ட வேண்டும். என்னிடம் மாட்டிக்கொண்ட ஆர்னோவுக்கு இதெல்லாம் கிடையாது. ஆபீஸுக்கு மட்டம் போட்டுவிட்டு ஊர் சுற்றும் குமாஸ்தா மாதிரி ஸேன் நதிக்கரையில் திரிந்துகொண்டிருப்பான். நடுநடுவே நான் எஃப்-12 கட்டையைத் தட்டுவேன். 'க்ளிக்' என்று ஒரு சத்தம். ஒரு படம் சேர்ந்தாச்சு!

இதற்குப் பெயர் ஸ்க்ரீன்ஷாட். சுத்தத் தமிழில் திரைப்பிடிப்பு. திரையில் அந்த நிமிஷம் என்ன தெரிகிறதோ அதை அப்படியே புள்ளி பிசகாமல் படமாகச் சேமிப்பது.

இந்த வியாதி எனக்குப் பள்ளிக்கூட நாளிலேயே தொற்றிவிட்டது. 2003-ல் மணிக்கு இருபது ரூபாய் வாங்கிய பிரவுஸிங் சென்டரில் ஆரம்பம். அப்போதெல்லாம் 'பிரின்ட் ஸ்க்ரீன்' கட்டையை அமுக்கினால் ஒன்றுமே நடக்காத மாதிரி இருக்கும். படம் மெமரியில் போய்ப் பதுங்கிக்கொள்ளும். 'பெயின்ட்' புரோகிராமைத் திறந்து அதில் ஒட்டி, பிறகு பெயர் வைத்து ஸேவ் செய்யவேண்டும். நடுவில் வேறு எதையாவது காப்பி செய்தால், பதுங்கியிருந்த படம் அம்பேல்!

வீட்டுக்கு எடுத்துப் போக ஃப்ளாப்பி வேண்டும். இந்த இடத்தில் என்னுள் இருக்கும் பி.காம். விழித்துக்கொள்கிறான். 800-க்கு 600 புள்ளி உள்ள திரை. மொத்தம் 4,80,000 புள்ளிகள். ஒரு புள்ளிக்குச் சிவப்பு, பச்சை, நீலம் என்று மூன்று பைட். ஆக 14,40,000 பைட். தலைப்புக் குறிப்புக்கு இன்னொரு 54. ஒரு ஃப்ளாப்பியில் வைக்க முடிந்ததோ 14,57,664 பைட்தான். அதாவது ஒரு ஃப்ளாப்பிக்கு ஒரே ஒரு படம்! ஜே-பெக் என்று சுருக்கிச் சேமிக்க ஒரு வழி இருப்பதை யாரும் சொல்லித் தராததால், பன்னிரண்டு படங்களுக்குப் பன்னிரண்டு ஃப்ளாப்பி வாங்கிய மேதை நான்.

அதெல்லாம் பழங்கதை. இப்போது விண்டோஸ் கட்டையையும் பிரின்ட் ஸ்க்ரீனையும் சேர்த்து அமுக்கினால் படம் தானாகவே ஃபோல்டரில் போய் உட்கார்ந்துகொள்கிறது. ஸ்டீம் வழியாக விளையாடினால் எஃப்-12. பல கேம்களில் 'போட்டோ மோட்' என்றே ஒரு வசதி உண்டு. ஆட்டத்தை நிறுத்திவிட்டு, கேமராவை இஷ்டப்படி திருப்பி, வெளிச்சத்தைக் கூட்டிக் குறைத்து, சாவகாசமாக எடுக்கலாம். 2004-ல் வந்த 'க்ரான் டூரிஸ்மோ 4' கார் பந்தய கேமிலேயே இது இருந்தது. யூனிட்டியில் கிடையாது. அதனால் என் 1,126 படங்களில் முக்கால்வாசியில் ஆர்னோவின் முதுகு நட்டநடுவே நிற்கும். கல்யாண போட்டோக்களில் ஒரு மாமா குறுக்கே நிற்பாரே, அந்த மாதிரி.

*

2017 கோடை. ராத்திரி ஒன்பது மணி. ஆர்னோவை நோத்ர தாம் தேவாலயத்தின் முன்னால் நிறுத்திவிட்டு, எந்தக் கோணத்தில் எடுக்கலாம் என்று பார்த்துக்கொண்டிருந்தேன். பின்னாலிருந்து ஒரு குரல்.

"யார் வீடுடா அது?"

அப்பா. கையில் காபி டம்ளர். பொதுப்பணித் துறையில் ஓவர்சியராக இருந்து ரிடையர் ஆனவர். கம்ப்யூட்டர் என்றாலே 'கரன்ட்டுக்குப் பிடிச்ச கேடு' என்று கட்சி கட்டுகிறவர்.

"வீடு இல்லப்பா. சர்ச். பாரிஸ்ல இருக்கு."

"பாரிஸா? ஈஃபில் டவர் எங்கே?"

"இது 1789-ல நடக்கிற கதைப்பா. ஈஃபில் டவர் கட்டினது 1889-ல."

"ஓ... நூறு வருஷம் முன்னாடியே வந்துட்டமா?" என்றபடி ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டார்.

கொஞ்ச நேரம் பேசாமல் பார்த்தார். பிறகு ஆரம்பித்தது விசாரணை. "என்ன உசரம்?"

தேடிப் பார்த்துச் சொன்னேன். "முன்பக்கத்து ரெண்டு கோபுரமும் 69 மீட்டர். அதாவது 226 அடி."

"நம்ம ஸ்ரீரங்கம் ராஜகோபுரம் 236 அடிடா!" என்றார். பிரெஞ்சுக்காரனைப் பத்து அடியில் ஜெயித்த திருப்தியில் ஒரு வாய் காபி குடித்துக்கொண்டார். அடுத்த நொடியே முகம் மாறியது. "இரு, இரு. சுவர் இவ்வளவு உசரம். அதிலே ஜன்னல் இவ்வளவு அகலம். மேலே என்ன, கல்லு வளைவா? அப்புறம் எப்படி நிக்குது? பின்னாடி கூட்டிட்டுப் போ பார்ப்போம்."

ஆர்னோவைப் பின்பக்கம் ஓட்டினேன். தேவாலயத்தின் முதுகுப்புறம், சுவரிலிருந்து விலகி நிற்கும் கல் தூண்கள். அவற்றிலிருந்து சுவருக்குப் பாலம் போட்ட மாதிரி வளைந்து வரும் கல் கைகள்.

"பார்த்தியா, பார்த்தியா!" அப்பா டம்ளரைக் கீழே வைத்துவிட்டார். "மேலே இருக்கிற வளைவு சுவரை வெளியே தள்ளும். அந்தத் தள்ளலை இந்தக் கை வாங்கி, தூண் வழியா தரையில இறக்கிடுது. சுவருக்குப் பாதி வேலை மிச்சம். அதான் தைரியமா இத்தனை ஜன்னல் வச்சிருக்கான். கெட்டிக்காரன்டா!"

எட்டு வருஷமாகக் கேம்களில் ஊர் சுற்றுகிறேன். ஒரு கட்டடம் ஏன் விழாமல் நிற்கிறது என்று ஒரு நாளாவது யோசித்திருக்கிறேனா? இல்லை. அன்றிலிருந்து தினமும் ராத்திரி ஒன்பது மணிக்கு அப்பாவுக்கு பாரிஸ் டூர். "மெதுவா நட", "அங்கே நில்லு", "அந்த மூலையில மழைத் தண்ணி எப்படி இறங்குது பார்" என்று என் ஆர்னோவைத் தன் சைட் மேஸ்திரி மாதிரி வேலை வாங்கினார். டில்லியைக்கூடப் பார்த்திராத மனுஷர் ஸேன்ட் ஷாப்பெல்லையும் பாந்தியோனையும் மூலை மூலையாக அளந்தார்.

ஒரு நாள், "இதை போட்டோ எடு" என்றார். எஃப்-12 தட்டினேன்.

"எங்கே எடுத்தே? கேமராவே இல்லையே?"

"உள்ளேயே எடுத்துக்கும்ப்பா."

"உள்ளே எடுக்கிறதை எவன் கண்டான்? உன் செல்லுல ஒண்ணு எடு. தங்கச்சிக்கு அனுப்பு."

எனக்குக் கொஞ்சம் அவமானமாகவே இருந்தது. திரையைச் செல்போனில் படம் எடுப்பதென்பது ஸ்க்ரீன்ஷாட் பிரியர்கள் மத்தியில் தோசையை ஸ்பூனில் சாப்பிடுகிற மாதிரி. திரையின் புள்ளி வரிசையும் கேமராவின் புள்ளி வரிசையும் ஒத்துப்போகாமல் படம் முழுக்க வானவில் கோடு கோடாக அலையடிக்கும். போதாக்குறைக்கு எதிர் வெளிச்சம் வேறு. அப்பா சொல்லைத் தட்ட முடியாமல் ஒன்று எடுத்து, கோயமுத்தூரில் இருக்கும் தங்கைக்கு அனுப்பிவிட்டு, என் செல்லிலிருந்து அழித்தும்விட்டேன். அத்தனை இளக்காரம்!

(அந்த முறைக்கும் ஒரு கௌரவமான சரித்திரம் உண்டு என்பது பின்னால்தான் தெரிந்தது. 1982-ல் 'பிட்ஃபால்' கேமில் 20,000 பாயின்ட் எடுத்தவர்கள் டி.வி. திரையை போட்டோ பிடித்து ஆக்டிவிஷன் கம்பெனிக்குத் தபாலில் அனுப்புவார்கள். பதிலுக்குச் சட்டையில் தைத்துக்கொள்ள ஒரு துணி பேட்ஜ் வரும்!)

*

2018 ஆவணியில் அப்பா போய்ச் சேர்ந்தார். அதற்கப்புறம் பாரிஸ் பக்கமே நான் போகவில்லை.

2019 ஏப்ரல் 15. ராத்திரி டி.வி.யில் நோத்ர தாம் எரிந்துகொண்டிருந்தது. கல் வளைவுக்கு மேலே இருந்த கூரை, பல நூறு வருஷத்து ஓக் மரச் சட்டங்களால் ஆனது. அத்தனையும் பற்றிக்கொண்டு, நடுவில் நின்ற 96 மீட்டர் ஊசிக் கோபுரம் ஒடிந்து விழுவதைப் பார்த்தேன். எனக்குள் ஒரே ஒரு கேள்வி, அதுவும் அப்பாவின் குரலில்: 'வளைவு நிக்குதாடா?'

நின்றது. சில இடங்களில் ஓட்டை விழுந்தாலும் பெரும்பகுதி நின்றுவிட்டது. கோபுரங்கள் இரண்டும் தப்பின. இதை உடனே சொல்லியாக வேண்டிய ஆள்தான் இல்லை.

அந்த ராத்திரியே பழைய கம்ப்யூட்டரைத் தட்டி எழுப்பினேன். அப்பா "நில்லு" என்று சொன்ன இடங்களின் படங்கள் எல்லாம் அதில்தான். 'டிக்... டிக்...' என்று ஹார்ட் டிஸ்க் ஏழெட்டுத் தடவை இருமிவிட்டு நிரந்தரமாக ஓய்ந்தது. கடையில் காட்டினேன். மீட்டுத் தர பதினெட்டாயிரம் ரூபாய், ஆனால் கியாரண்டி கிடையாது என்றார்கள். அந்த மாசம் பையனின் ஸ்கூல் ஃபீஸ். டிஸ்க்கைத் துணியில் சுற்றி பீரோவில் வைத்தேன்.

நாலு கடைக்கு ஜி.எஸ்.டி. கணக்கு எழுதுகிறவன் நான். இரட்டைப் பதிவு முறையை லூக்கா பாச்சோலி என்ற பாதிரியார் 1494-லேயே வெனிஸ் நகரில் புத்தகமாக அச்சிட்டு விளக்கிவிட்டார். எதுவுமே இரண்டு இடத்தில் பதிவாக வேண்டும் என்பது எங்கள் தொழிலின் பாலபாடம். ஊருக்கெல்லாம் அதைச் சொல்கிறவன், 1,126 படங்களை ஒற்றைப் பதிவில் வைத்திருந்தேன்! "உங்களைப் பாஸ் போட்ட வாத்தியாரைத்தான் தேடணும்" என்றாள் என் இல்லாள். நியாயம்தான்.

தீ விபத்துக்குப் பிறகு, இந்த கேமைப் பார்த்துத்தான் தேவாலயத்தைத் திருப்பிக் கட்டப் போகிறார்கள் என்று ஒரு வதந்தி கிளம்பியது. அப்படி இல்லை. கரோலின் மியூஸ் என்ற கலைஞர் ஒரு வருஷத்துக்கும் மேலாக உழைத்துச் செய்த மாதிரி அது என்பது நிஜம். ஆனால் கேம் கேம்தான். புரட்சிக் காலத்தில் ஊசிக் கோபுரமே கிடையாது. பழையது ஆட்டம் கண்டு இறக்கப்பட்டுவிட்டது. நாம் அறிந்த கோபுரம் வியொலே-ல-துக் என்ற கட்டடக் கலைஞர் 1859-ல் எழுப்பியது. அது இல்லாவிட்டால் ஜனங்களுக்கு அடையாளமே தெரியாது என்று கேமில் முன்கூட்டியே நட்டுவிட்டார்கள். நிஜமாகக் கைகொடுத்தவர் ஆண்ட்ரூ டாலன் என்ற அமெரிக்கக் கலை வரலாற்றுப் பேராசிரியர். தீ விபத்துக்குப் பல வருஷம் முன்பே தேவாலயம் முழுவதையும் லேஸர் கருவியால் நூறு கோடிப் புள்ளிகளுக்கு மேல் அளந்து சேமித்து வைத்திருந்தார். 2018 நவம்பரில் அவர் காலமானார். ஐந்து மாதம் கழித்துத் தீ. அவர் இல்லை, அவர் எடுத்த அளவு இருந்தது.

யூபிஸாஃப்ட்டும் தன் பங்குக்கு ஐந்து லட்சம் யூரோ தருவதாக அறிவித்து, கேமை ஒரு வாரத்துக்கு இலவசமாகக் கொடுத்தது. உலகமே என் பாரிஸுக்குள் நுழைந்து சுற்றிக்கொண்டிருந்தபோது, தங்கை போன் செய்தாள்.

"அண்ணே, அப்பா அனுப்பச் சொன்னாங்கன்னு ஒரு போட்டோ அனுப்புனியே... அது எங்கிட்ட இருக்கு. பெரிசு பண்ணிப் பார்த்தியா?"

வாட்ஸ்-அப்பில் வந்தது. கோணலான படம். வானவில் கோடுகள் அலையடிக்கின்றன. ஆர்னோவின் முதுகு. அதற்குப் பின்னால் நோத்ர தாமின் கல் கைகள். படத்தின் இருட்டான வலது மூலையைப் பெரிசாக்கினேன். மானிட்டர் கண்ணாடியில் எங்கள் ஹால் தெரிகிறது. டியூப் லைட். செல்லை நீட்டிக்கொண்டு நான். என் தோளுக்குப் பின்னால் பனியனும் டம்ளருமாக அப்பா, வாயைத் திறந்து எதையோ சொல்லிக்கொண்டிருக்கிறார்.

என் 1,126 படங்களும் பளிச்சென்று இருந்தன ஸார். ஒரு புள்ளி பிசகியிருக்காது. ஆனால் அவை ஒன்றில்கூட அப்பா இருந்திருக்க மாட்டார். ஸ்க்ரீன்ஷாட் திரைக்கு உள்ளே இருப்பதைத்தான் எடுக்கும். பார்த்துக்கொண்டிருந்தவர்களை எடுக்காது.

*

2024 டிசம்பரில் நோத்ர தாமை மறுபடி திறந்தார்கள். சுமார் 2,000 ஓக் மரங்கள், ஊசிக் கோபுரம் பழைய அச்சிலேயே. டி.வி.யில் பார்த்துவிட்டுப் புதுக் கம்ப்யூட்டரில் யூனிட்டியை ஏற்றி, பின்பக்கம் போய், அதே இடத்தில் நின்று எஃப்-12 தட்டினேன். இந்த முறை ஒரு காப்பி டிஸ்க்கில், ஒரு காப்பி பென் டிரைவில். பாச்சோலிக்குத் திருப்தியாக இருக்கும். தங்கை அனுப்பிய படத்தை மட்டும் ஸ்டூடியோவில் கொடுத்துப் பிரின்ட் போட்டு, ஃப்ரேம் மாட்டி ஹாலில் வைத்திருக்கிறேன்.

பையன் அதை ரொம்ப நேரம் உற்றுப் பார்த்துவிட்டுக் கேட்டான்: "தாத்தா பாரிஸ் போயிருக்காங்களாப்பா?"

"போயிருக்காருடா" என்றேன். "பனியனோட!"