பக்கத்து வீட்டுத் தம்பதி

கல்யாணங்களில் அருந்ததி பார்க்கிற கட்டம் வரும்போதெல்லாம் எனக்குச் சிரிப்பு வந்துவிடும். பட்டப்பகல் பத்தரை மணி. பெண்ணையும் பிள்ளையையும் மண்டப வாசலுக்கு அழைத்து வந்து, "அதோ, அருந்ததி தெரிகிறதா?" என்று புரோகிதர் கேட்பார். இருவரும் கையை நெற்றிக்குக் குடையாகப் பிடித்து, எதிர்க் கட்டடத்துத் தண்ணீர்த் தொட்டியைப் பார்த்துவிட்டு, "தெரிகிறது" என்பார்கள். இல்லறத்தில் இருவரும் சேர்ந்து சொல்லுகிற முதல் பொய் அது.

வைகாசிக் கடைசியில் திருத்தணியில் நடந்த ஒரு கல்யாணத்தில் மட்டும் எனக்குச் சிரிப்பு வரவில்லை. பக்கத்தில் நின்ற என் மனைவியும் சிரிக்கவில்லை. நாங்கள் பேச்சை நிறுத்தி அன்றோடு ஒன்பது நாள் ஆகியிருந்தது.

விஷயம் இவ்வளவுதான். எங்கள் ஒரே பிள்ளை அமெரிக்கா போய் நாலு வருஷமாகிறது. மருமகள் பிரசவத்துக்கு இருக்கிறாள். "ஆறு மாதம் போய் இருந்துவிட்டு வரலாமா?" என்று மனைவி கேட்டாள். "நீ வேண்டுமானால் போ, நான் வரமாட்டேன்" என்றேன். அவள் கேட்டது ஒரு கேள்வி. நான் சொன்னதோ தீர்ப்பு.

சூரனோடும் வேடரோடும் போர் செய்த முருகன் சினம் தணிந்து அமர்ந்த இடமாதலால்தான் தணிகை என்று பெயர் என்பார்கள். வருஷத்தின் நாள்களுக்குக் கணக்காக 365 படிகள். அன்று மாலை அத்தனையும் ஏறினோம். நூறாவது படியில் எனக்கு மூச்சு வாங்கியது, உட்கார்ந்துவிட்டேன். அவள் இரண்டு படி மேலே நின்று காத்திருந்தாள். ஆனால் திரும்பிப் பார்க்கவில்லை. முருகன் கோபம் தணிந்த மலையில் எங்கள் கோபம் தணிவதாகக் காணோம்.

இரவு ஒன்பதரை மணிக்கு மண்டபத்து மொட்டை மாடியில் பாயை விரித்துக் காற்று வாங்கிக்கொண்டிருந்தோம். என்னுடன் இருந்தவர் மனைவியின் சித்தப்பா. பள்ளிக்கூடத்தில் விஞ்ஞானம் கற்பித்து ஓய்வு பெற்றவர், எண்பதை நெருங்குகிறவர், போன வருஷம் மனைவியை இழந்தவர். என் மனைவி சற்றுத் தள்ளிக் கைப்பிடிச் சுவரோரம் உட்கார்ந்திருந்தாள். திடீரென்று மின்சாரம் போயிற்று. வானம் பளிச்சென்று கீழே இறங்கி வந்த மாதிரி இருந்தது.

"மாப்பிள்ளை, காலையிலே தெரியாத அருந்ததியை இப்போ பாருங்கோ" என்று வடக்கே காட்டினார் பெரியவர். சப்தரிஷி மண்டலத்து வாலில் கடைசிக்கு முந்தியவர் வசிஷ்டர். அவரை ஒட்டினாற்போல் மங்கலாக அருந்ததி. பிறகு என் தோளைப் பிடித்துத் தெற்கே திருப்பினார்.

"அரக்கோணம் பக்கம், கையை நீட்டிப் பிடித்தால் ஒரு சாண் உயரத்திலே, பிரகாசமாக ரெண்டு தெரிகிறதா?"

தெரிந்தது. "நல்ல ஜோடி" என்றேன்.

"அதுதான் இல்லை! வலது பக்கத்தது சுமார் 390 ஒளியாண்டுக்கு அப்பாலே இருக்கு. இடது பக்கத்தது நாலே சொச்சம். எதிர்வீட்டு விளக்கும் மலைமேல் விளக்கும் பக்கத்தில் பக்கத்தில் தெரிகிற கதை. உண்மையான ஜோடி எது தெரியுமா? ஒண்ணே ஒண்ணாத் தெரிகிறதே, அந்த இடது பக்கத்து நட்சத்திரம். அதுதான் ரெண்டு!"

அதன் பெயர் ஆல்ஃபா செண்டாரி. இரவு வானத்தில் பிரகாசத்தில் மூன்றாவது. நமது சூரியனுக்கு அண்டை வீடு. அது இரட்டை என்று கண்டது நம்மிடமிருந்து ஏறக்குறைய 140 கிலோமீட்டர் தெற்கே, புதுச்சேரியில். சயாமிலிருந்து அங்கே வந்து சேர்ந்த ஜான் ரிஷோ என்ற பிரெஞ்சுப் பாதிரியார், 1689 டிசம்பரில் ஒரு வால்நட்சத்திரத்தைத் தொலைநோக்கியில் பார்த்துக்கொண்டிருந்தார். அப்போது இந்த நட்சத்திரம் இரண்டாகப் பிரிந்து தெரிந்தது. ஒன்று நம் சூரியனைவிடக் கொஞ்சம் பெரியது. மற்றது கொஞ்சம் சிறியது. ஒரு சுற்றுச் சுற்றிவர அவற்றுக்கு ஏறத்தாழ எண்பது வருஷம் ஆகிறது.

"ஒரு சதாபிஷேகம்!" என்றேன்.

"சரியாச் சொன்னீர். பாதிரியார் பார்த்ததிலிருந்து நாலு சதாபிஷேகம் ஆயாச்சு."

"எது எதைச் சுத்துது, சித்தப்பா?"

கேட்டது என் மனைவி. கைப்பிடிச் சுவரோரத்திலிருந்து எப்போது எழுந்து வந்தாளோ, தெரியவில்லை.

"எதுவும் எதையும் சுத்தலை அம்மா. ரெண்டுக்கும் நடுவிலே, பெரிசுக்குச் சித்தே பக்கமா, வெறும் இடம் ஒண்ணு இருக்கு. ரெண்டுமே அதைத்தான் சுத்துது."

"எப்பவும் ஒரே தூரத்திலேயா?"

"அதெப்படி? கிட்டே வரும்போது சூரியனுக்கும் சனிக்கும் உள்ள தூரத்தைவிடக் கொஞ்சம் அதிகம். விலகிப் போனால் நெப்டியூனையும் தாண்டின தூரம். 1955-லே நெருங்கினது, 1995-ஐ ஒட்டி விலகின கோடிக்குப் போனது. இப்போ திரும்பி வந்துண்டிருக்கு. 2035-லே மறுபடி கிட்ட வரும்."

"அவ்வளவு தூரம் போனால் அறுந்து போயிடாதா?"

"போகாது. தூரத்துக் கோடியிலே வேகம் ரொம்பக் குறையும், அவ்வளவுதான். அப்புறம் திரும்பித்தான் ஆகணும். இன்னும் ஒண்ணு இருக்கு, கேளு. மூணாவதா ஒரு குட்டி நட்சத்திரம் இந்த ரெண்டையும் சுத்துது. பிராக்ஸிமா என்று பேர். வெறும் கண்ணுக்குத் தெரியாது; 1915-லேதான் கண்டுபிடிச்சார்கள். ஒரு சுத்துக்கு அஞ்சு லட்சம் வருஷத்துக்கு மேலே ஆகும். அத்தனை தூரம்!"

"நம்ம பிள்ளை மாதிரி" என்றாள் அவள். என்னிடம் சொன்னாளா, சித்தப்பாவிடமா என்று இருட்டில் தெரியவில்லை.

நான் அந்த ஒற்றை வெளிச்சத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். நாலு வருஷத்துக்கு மேல் பிரயாணம் செய்து வந்த வெளிச்சம். அது அங்கே புறப்பட்ட அன்று என் பிள்ளை எங்கள் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து, "அம்மா, இன்னொரு தோசை" என்று கேட்டுக்கொண்டிருந்திருப்பான்.

பெரியவர் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு யாரையும் பார்க்காமல், "ஒரு தடவை உன் சித்தியோடே நாலு மாசம் பேசாமலிருந்தேன். எதுக்காக என்று இப்போ ஞாபகமில்லை. அந்த நாலு மாசத்தை இனிமேல் எங்கே போய்க் கேட்பேன்?" என்றார்.

அதற்கு என்ன பதில் சொல்வது? மின்சாரம் வந்துவிட்டது. வாசல் பந்தலின் சர விளக்குகள் எரிந்தன. தெற்கே இருந்த நட்சத்திரம் மங்கிப்போயிற்று. பார்த்த இடம் தெரிந்திருந்ததால் கண்டுபிடிக்க முடிந்தது.

"பால் ஆறிப்போயிடும், கீழே வாங்க" என்றாள் என் மனைவி. ஒன்பது நாளுக்குப் பிறகு எனக்குக் கிடைத்த முதல் வார்த்தை.

மாடிப்படியில் இறங்கும்போது, "பாஸ்போர்ட்டின் கெடு முடிந்துவிட்டதா என்று ஊருக்குப் போனதும் பார்க்க வேண்டும்" என்றேன்.

"என்னோடது இன்னும் இருக்கே!"

"உன்னுடையதைச் சொல்லவில்லை."

அவள் இரண்டு படி கீழே நின்றாள். இந்தத் தடவை திரும்பிப் பார்த்தாள்.