ஒன்றரையடிச் சந்து

கிருஷ்ணன்கோவிலில் எங்கள் வீட்டுக்கும் அடுத்த வீட்டுக்கும் நடுவே ஒன்றரையடிச் சந்து ஒன்று உண்டு. பூனை தாராளமாகப் போகலாம். மனிதர் போவது சிரமம். அதற்குள் சண்டை எப்படித்தான் புகுந்ததோ, நேயர்களே!

ஒரு நாள் காலை அடுத்த வீட்டுக்காரர் கடப்பாரையுடன் வானம் தோண்ட வந்துவிட்டார். தடுக்கப் போன என் மகன் மீது கடப்பாரையை ஓங்கினார். "என்னங்க, போலீஸுக்குப் போங்க!" என்று அலறினாள் என் மனைவி. ஓடினேன்.

"இடம் யாருக்குச் சொந்தம் என்று நாங்கள் சொல்ல முடியாது, ஸார். அது சிவில் கோர்ட்டு வேலை. அடிதடி நடக்காமல் பார்த்துக்கொள்கிறோம்" என்றார் அதிகாரி. மனுவுக்கு ரசீது கொடுத்தார். எதிராளியைக் கூப்பிட்டு எச்சரித்தார். எனக்கோ ஏமாற்றம்.

ஸ்ரீவில்லிபுத்தூர் வக்கீல் சிரித்தார். "கலகம் வரும் போலிருந்தால் நிர்வாக மாஜிஸ்திரேட் விசாரிக்கலாம். முன்பு 145-வது பிரிவு. 2024 ஜூலை முதல் புதுச் சட்டத்தில் 164. அவரும் அனுபவம் யாரிடம் என்றுதான் பார்ப்பார். பாத்தியதையைத் தீர்மானிக்க மாட்டார். கோர்ட்டில் இடைக்காலத் தடை வாங்குங்கள். அப்புறம் போலீஸ் பாதுகாப்புக் கேட்டால் அதற்குப் பலம் உண்டு" என்றார்.

தடை கிடைத்தது. கடப்பாரை திரும்பிப் போயிற்று. ஆனால் தீபாவளிதோறும் ஜன்னல் வழியே வரும் முறுக்குத் தட்டு மட்டும் இம்முறை வரவில்லை. அதற்கு எந்தக் கோர்ட்டில் மனுப் போடுவது?