காத்திருந்தவரின் குறிப்புகள்

பத்திரிகைத் தொழிலில் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் கழித்துவிட்டேன். நான் எழுதியவற்றைப் பற்றிப் பலர் கேட்டிருக்கிறார்கள். எழுதாமல் விட்ட ஒன்றைப் பற்றி ஒரே ஒருவர்தான் கேட்டார். அவருக்கு அன்று நேரான பதில் சொல்ல என்னால் இயலவில்லை. அந்தப் பதிலைத் தேடிக்கொண்டிருந்த காலத்தில், எனக்குச் சற்றும் பழக்கமில்லாத ஒரு விளையாட்டின் பந்துவீச்சாளர் ஒருவர் குறுக்கே வந்தார். அவருடைய பெயர் ஜிம் பௌட்டன்.

சில ஆண்டுகளுக்கு முன்னர் ரொறன்ரோவில் மகளின் வீட்டில் தங்கியிருந்தேன். மாலை வேளைகளில் பேரன் தொலைக்காட்சியில் புளூ ஜேஸ் அணியின் பேஸ்போல் ஆட்டங்களைப் பார்ப்பான். கிரிக்கெட்டோடு வளர்ந்த எனக்கு அந்த ஆட்டத்தின் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. மைதானத்தின் ஓரத்தில் வேலியிட்ட ஓரிடத்தில் சிலர் வரிசையாக, ஒரு வேலையுமின்றி அமர்ந்திருந்தார்கள். அவர்கள் யாரென்று கேட்டேன்.

"அவை ரிலீஃப் பிட்சர்ஸ், அம்மப்பா. கூப்பிடுமட்டும் காத்துக்கொண்டிருப்பினம்" என்றான்.

மாற்றுப் பந்துவீச்சாளர் என்று தமிழில் சொல்லலாம். ஆட்டத்தைத் தொடக்கும் பந்துவீச்சாளர் களைத்துவிட்டாலோ, எதிரணியிடம் அடி வாங்கத் தொடங்கினாலோ, முகாமையாளர் அவரை விலக்கிக்கொண்டு இவர்களில் ஒருவரை அழைப்பார். விலக்கப்பட்டவர் அந்த ஆட்டத்தில் மீண்டும் வீச முடியாது. தொடக்க வீச்சாளருக்குச் சில நாட்களுக்கு ஒரு முறை வேலை. மாற்று வீச்சாளருக்கோ நாள்தோறும் காத்திருப்பு. அழைப்பு வந்தாலும் வரலாம், வராமலே ஆட்டம் முடிந்துவிடவும் கூடும். அவர்கள் அமர்ந்திருக்கும் அந்த இடத்துக்குப் 'புல்பென்' என்று பெயர்.

அந்த வாரமே ஒரு பழைய புத்தகக் கடையில் 'போல் ஃபோர்' என்ற நூல் கையில் அகப்பட்டது. 1970 இல் வெளிவந்த நூல். பேஸ்போல் வீரர் ஒருவரின் நாட்குறிப்பு என்று கடைக்காரர் சொன்னார். விளையாட்டைப் புரிந்துகொள்ளலாம் என்று எண்ணி வாங்கினேன். நூலை முடித்தபோது விளையாட்டைவிட என் தொழிலைப் பற்றியே அதிகம் யோசித்துக்கொண்டிருந்தேன்.

பௌட்டன் 1939 இல் நியூ ஜேர்சி மாநிலத்தின் நியூவார்க்கில் பிறந்தவர். 1962 இல் நியூயோர்க் யாங்கீஸ் அணிக்கு வந்தார். அடுத்த ஆண்டே 21 வெற்றிகள். 1964 இல் 18 வெற்றிகளோடு, உலகத் தொடர் எனப்படும் இறுதிச் சுற்றில் இரண்டு ஆட்டங்களையும் வென்று கொடுத்தார். உடலின் முழு வலுவையும் கொட்டி வீசுவார். வீசும் வேகத்தில் தலையிலிருக்கும் தொப்பி கழன்று நிலத்தில் விழும். இரசிகர்கள் அதைக் காணவே காத்திருப்பார்கள்.

ஆனால் கை அந்த வேகத்தைத் தாங்கவில்லை. 1965 இல் 4 வெற்றி, 15 தோல்வி. அதன் பின்னர் இறங்குமுகம்தான். யாங்கீஸ் அவரை விற்றுவிட்டது. 1969 இல் சியாட்டில் பைலற்ஸ் என்ற புத்தம்புதிய அணியில், 22,000 டொலர் ஆண்டுச் சம்பளத்துக்கு, முப்பது வயதில் மாற்றுப் பந்துவீச்சாளராக வந்து சேர்ந்தார். அந்த அணியும் ஓர் ஆண்டுதான் வாழ்ந்தது. மறு ஆண்டு மில்வாக்கிக்குப் பெயர்ந்து வேறு பெயர் பெற்றது.

வேகம் போன பிறகு அவரிடம் எஞ்சியிருந்தது 'நக்கிள்போல்' என்னும் வீச்சு. விரல் நுனிகளால் பிடித்து, பந்து சுழலாதவாறு மெதுவாக விடவேண்டும். சுழலாத பந்து காற்றில் அலைக்கழிந்து செல்லும். அடிப்பவருக்கு மாத்திரமல்ல, பிடிப்பவருக்கும் வீசியவருக்குமே அது எங்கே போய் இறங்கும் என்று தெரியாது. அந்த ஒரு வீச்சை நம்பி, அவ்வாண்டு 73 ஆட்டங்களில் அவர் வீசினார். நடுவே ஒரு முறை கீழ்நிலை அணிக்கு இறக்கப்பட்டு மீண்டும் அழைக்கப்பட்டார். ஓகஸ்ட் மாதத்தில் ஹியூஸ்டன் அஸ்ட்ரோஸ் அணிக்குக் கைமாற்றப்பட்டார்.

புல்பென்னில் காத்திருந்த நேரத்தில் அவர் குறிப்பெடுத்தார். கடித உறைகள், விடுதிகளின் கடிதத் தாள்கள், விமானத்தில் வாந்தியெடுக்கக் கொடுக்கும் பைகள் என்று கைக்குக் கிட்டியதிலெல்லாம் எழுதினார். இரவில் ஒலிப்பதிவுக் கருவியில் பேசி, நியூயோர்க்கிலிருந்த லெனார்ட் ஷெக்டர் என்ற விளையாட்டுப் பத்திரிகையாளருக்கு அனுப்பினார். இருவருமாக அதை நூலாக்கினார்கள். 1963 இன் நட்சத்திர வீரர் இந்த நூலை எழுதியிருப்பார் என்று நான் நினைக்கவில்லை. ஆட்டத்தின் நடுவில் நிற்பவருக்கு அதைப் பார்க்க நேரமில்லை. ஓரத்தில் உட்காரவைக்கப்பட்டவருக்கே எல்லாம் தெரிகிறது. நிருபர்களின் இருப்பிடமும் பெரும்பாலும் அந்த ஓரம்தான்.

நூலில் என்ன இருந்தது? அமெரிக்கா தெய்வமாகக் கொண்டாடிய மிக்கி மான்டில் குடிமயக்கம் தெளியாமலே ஆட வந்த நாள் இருந்தது. அதே மான்டில், கையொப்பம் கேட்டு வந்த சிறுவர்களைத் தள்ளிவிட்டுப் போன காட்சியும் இருந்தது. களைப்புத் தெரியாதிருக்க வீரர்கள் விழுங்கிய ஊக்க மாத்திரைகள் இருந்தன. இவற்றோடு, சம்பளம் பேசச் செல்லும் வீரரை நிருவாகிகள் எவ்வாறு மிரட்டிச் சுருட்டுவார்கள் என்பதும் எண்ணிக்கைகளோடு இருந்தது. அக்காலத்தில் ஒப்பந்த விதியொன்று வீரரை ஓர் அணியோடு ஆயுளுக்கும் கட்டிவைத்திருந்தது. அவராக விலகி வேறு அணிக்குச் செல்ல இயலாது. 1975 டிசம்பரில் பீற்றர் ஸைட்ஸ் என்ற நடுவர் வழங்கிய தீர்ப்போடுதான் அந்தக் கட்டு அறுந்தது.

பேஸ்போல் வீரர்களின் உடைமாற்றும் அறைகளில் அந்நாளில் ஓர் அறிவிப்பு தொங்குமாம். இங்கே கண்டதும் கேட்டதும் இங்கேயே கிடக்கட்டும் என்பது அதன் சாரம். பௌட்டன் அதை மீறினார். பேஸ்போலின் ஆணையாளர் போவி கூன் அவரை அழைத்து, நூலில் உள்ளவை உண்மையல்ல என்று ஒரு தாளில் கையொப்பமிடுமாறு கேட்டார். பௌட்டன் மறுத்துவிட்டார். எதிரணி வீரர்கள் மைதானத்தில் வைத்தே அவரைத் திட்டினார்கள். சான் டியேகோ அணியினர் நூலின் பிரதியொன்றை எரித்து, கரிந்த மிச்சத்தை அவர் காணும்படி வைத்தார்கள். 1981 ஐக் கண்ட எமக்கு, நூல் எரிந்தது என்று வாசிக்கும்போது ஒரே ஒரு பிரதிதான் என்றாலும் கை ஒரு கணம் நின்றுவிடுகிறது.

என்னை உறுத்தியது வேறொன்று. வீரர்களின் கோபத்துக்குக் காரணம் விளங்குகிறது. ஆனால் விளையாட்டு நிருபர்களில் பலர் ஏன் அவ்வளவு கொதித்தார்கள்? நியூயோர்க்கின் பெயர்பெற்ற பத்தி எழுத்தாளரான டிக் யங், பௌட்டனையும் ஷெக்டரையும் சமூகத் தொழுநோயாளர்கள் என்றே எழுதினார். இந்த நிருபர்கள் அணியோடு ஒரே விமானத்தில் பறந்தவர்கள், ஒரே விடுதியில் தங்கியவர்கள். பௌட்டன் எழுதியவற்றில் பெரும்பகுதி அவர்களுக்கு ஏற்கெனவே தெரிந்திருக்கத்தான் வேண்டும். தெரிந்தும் எழுதாதவர்களை அந்த நூல் பெயர் சொல்லாமலே சுட்டிக் காட்டிவிட்டது. வியட்நாம் போர்க்களத்திலிருந்து எழுதிப் புலிட்சர் பரிசு பெற்ற டேவிட் ஹல்பர்ஸ்ராம் போன்ற சிலர் மாத்திரம் நூலின் பெறுமதியை உணர்ந்து பாராட்டி எழுதினார்கள்.

இந்த இடத்தில்தான் நூலை மூடி வைத்தேன். இனி என் கதை.

எண்பதுகளில் நான் கொழும்பில் ஒரு தமிழ்த் தினசரியில் உதவி ஆசிரியனாக இருந்தேன். எங்களுக்கு வடக்கிலே ஒரு சிற்றூரிலிருந்து பிராந்திய நிருபர் ஒருவர் எழுதிவந்தார். பாடசாலை ஆசிரியர். முத்து முத்தான கையெழுத்து. பத்திரிகையில் அவருடைய செய்தி பிடித்த இடத்தை அங்குலத்தால் அளந்து பணம் கொடுப்போம். அந்தப் பணமும் மாதக்கணக்கில் தாமதமாகும். தபால் ஒழுங்காக ஓடாத நாட்களில் தெரிந்த பஸ் சாரதிகளிடம் கொடுத்தனுப்புவார்.

ஒரு வருடம் அவர் ஒன்பது கட்டுரைகள் அனுப்பினார். தமது ஊரைச் சூழ்ந்த குளங்கள் தூர்ந்துபோவதையும், அவற்றை நம்பியிருந்த குடும்பங்கள் இடம்பெயர்வதையும் வீடு வீடாகச் சென்று விசாரித்து எழுதிய கட்டுரைகள். எங்கள் ஆசிரியபீடத்தில் மூத்தவர் ஒருவர் இருந்தார். பெயரும் புகழும் உள்ளவர், எனக்குத் தொழில் கற்றுத் தந்தவர். "இதை என் பெயரில் போட்டால்தான் கொழும்பிலே வாசிப்பார்கள்" என்றார். கையெழுத்துப் பிரதியின் மேல் மூலையிலிருந்த பெயரை அடித்துவிட்டு மற்றப் பெயரை எழுதியது என் பேனாதான். ஒரு முறையல்ல, ஒன்பது முறை. பின்னர் அந்தக் கட்டுரைகள் மூத்தவரின் பெயரிலேயே நூலாகவும் வந்து பாராட்டுப் பெற்றன.

இருவரும் இன்று உயிரோடு இல்லை. மூத்தவரின் நினைவு மலருக்கு என்னிடம் கட்டுரை கேட்டார்கள். அந்த நூலைப் பற்றி இரண்டு பந்தி புகழ்ந்து எழுதிக் கொடுத்தேன். மலர் வெளியீட்டு நாளன்று மண்டப வாசலில் நடுத்தர வயதினர் ஒருவர் என்னிடம் வந்தார். நிருபரின் மகன் என்று தம்மை அறிமுகப்படுத்திக்கொண்டார்.

"அது அப்பா எழுதினது எண்டு உங்களுக்குத் தெரியும்தானே, ஐயா?"

அவருடைய குரலில் கோபம் இருக்கவில்லை. "அந்தக் காலத்திலை அப்பிடித்தான் தம்பி" என்றேன். அவர் தலையசைத்துவிட்டுப் போனார்.

நான் சொன்ன வசனத்துக்கும் உடைமாற்றும் அறையில் தொங்கிய அறிவிப்புக்கும் வேறுபாடு இல்லை என்பதைப் பௌட்டனை வாசித்தபோதுதான் உணர்ந்தேன். உள்வீட்டு விடயங்களை வெளியே சொல்லலாகாது என்பதில் நியாயமான பங்கு ஒன்று உண்டு. ஒருவருடைய நோயும் குடும்பத் துயரமும் அவருக்கே உரியவை. பௌட்டன் அந்த எல்லையை எல்லா இடங்களிலும் சரியாகக் காத்தார் என்று நான் வாதாட மாட்டேன். ஆயினும், ஒரு மௌனத்தால் ஆதாயம் அடைபவர் யார், இழப்பவர் யார் என்று கேட்டுப் பார்க்கலாம். வீரர்கள் தமக்குள்ளேயே சம்பளத்தைச் சொல்லாதிருந்ததால் இலாபம் முதலாளிகளுக்கு. நாங்கள் சொல்லாதிருந்ததால் ஓர் ஆசிரியரின் உழைப்பு அவருடைய பிள்ளைகளுக்கு இல்லாமற்போயிற்று.

நூலில் இன்னொன்றையும் கவனித்தேன். பௌட்டன் தம்மைத் தப்பவிடவில்லை. தமது அச்சம், பொறாமை, அழைப்பு வராத நாட்களின் மனக்கசப்பு எல்லாவற்றையும் எழுதியிருக்கிறார். அதனாலேயே மற்றவர்களைப் பற்றி அவர் சொல்வதை நம்ப முடிகிறது.

அதற்கு அவர் கொடுத்த விலை பெரிது. 1970 இலேயே ஆட்டத்திலிருந்து ஒதுங்கினார். தொலைக்காட்சியில் விளையாட்டுச் செய்தி வாசித்தார். பந்தை விட மனமின்றி மீண்டும் கீழ்நிலை அணிகளில் ஏறியிறங்கி, 1978 இல், 39 வயதில், அட்லாண்டா பிரேவ்ஸ் அணிக்காக வந்து ஓர் ஆட்டத்தில் வென்றும் காட்டினார். ஆனால் பழைய வீரர்களை அழைத்துக் கௌரவிக்கும் யாங்கீஸ் அணியின் வருடாந்த விழாவுக்கு அவரை அழைக்கவில்லை. மான்டில்தான் தடுக்கிறார் என்று பேச்சிருந்தது. 1994 இல் மான்டிலின் மகன் இறந்தபோது பௌட்டன் அனுதாபக் கடிதம் அனுப்பினார். மான்டில் தொலைபேசியில் செய்தி விட்டிருந்தார்: அந்த நூலால் தமக்கு மனக்குறை இல்லை, அழைப்பு வராததற்குத் தாம் காரணமும் அல்ல என்று. பௌட்டன் அந்த ஒலிநாடாவைப் பாதுகாத்து வைத்திருந்தார்.

1997 இல் பௌட்டனின் மகள் கார் விபத்தில் இறந்தார். அடுத்த ஆண்டு தந்தையர் தினத்தன்று, அப்பாவை ஒரு முறை அழையுங்கள் என்று அவருடைய மகன் நியூயோர்க் டைம்ஸில் எழுதினார். அந்த ஜூலையில் அழைப்பு வந்தது. அறுபதை எட்டிக்கொண்டிருந்தவர் மைதானத்தில் இறங்கிப் பந்தை வீசினார். தொப்பி கழன்று விழுந்தது. 2012 இல் பக்கவாதம் வந்து, கைகால்களை விட்டுவிட்டு, பேச்சையும் எழுத்தையுமே தாக்கியது. 2019 ஜூலை 10 இல், 80 வயதில் காலமானார்.

சொற்கள் கைவிடுவதற்கு முன்னரே அவர் சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்டார். எனக்கும் வயதாகிறது. பெயர்கள் அவ்வப்போது நாவில் நின்றுவிடுகின்றன.

பத்து நாட்களுக்கு முன்னர் அந்த நிருபரின் மகனுக்குக் கடிதம் எழுதினேன். ஒன்பது கட்டுரைகளின் தலைப்புகளையும் அவை வெளியான மாதங்களையும் என் பழைய நறுக்குகளிலிருந்து பிரதி செய்து, இவை உங்கள் அப்பா எழுதியவை, பெயரை மாற்றியவன் நான் என்று கையொப்பமிட்டு அனுப்பியிருக்கிறேன். பதில் இன்னும் வரவில்லை. அவர் சம்மதித்தால், அந்த ஆசிரியரின் பெயரை இதே இடத்தில் எழுதுவேன்.